கூப்பர்ஸ்டவுனுக்கு, ஒரு மைக்ரோஃபிலிம் அறையிலிருந்து

ஆகச் சிறந்த ஆட்டக்காரர்களுக்குப் பட்டயம் மாட்டும் கூப்பர்ஸ்டவுன் மன்றமான பேஸ்பால் ஹால் ஆஃப் ஃபேமின் மதிப்பிற்குரிய நிர்வாகிகளுக்கும், 2027 டிசம்பரில் வாக்குச்சீட்டு வாங்கப்போகும் பதினாறு பேருக்கும்,

வணக்கம்.

உங்களில் யாருக்கும் தமிழ் படிக்க வராது என்று தெரிந்துதான் தமிழில் எழுதுகிறேன். ஆங்கிலத்தில் எழுத உட்கார்ந்தால் எனக்கு நாலு வரியில் மரியாதை தீர்ந்து, கையெழுத்துப் போடும் இடம் வந்துவிடும். அப்புறம், இந்த நாட்டுக்கு வந்து இருபது வருடம் ஆனபிறகும் பேஸ்பாலைக் கிரிக்கெட்டின் தூரத்துச் சொந்தம் என்ற அளவிலேயே வைத்திருக்கும் என் ஆட்களும் இதைப் படிக்கட்டும் என்று ஓர் ஆசை. நானும் அப்படி இருந்தவன்தான். 1947-க்கு முந்தைய கறுப்பின ஆட்டக்காரர்களுக்கு உங்கள் மன்றத்தில் தனி வாக்குச்சீட்டு கேட்டுத்தான் இந்தக் கடிதம்.

மின்னசோட்டாவில் ஒரு சிறிய ஊரின் நூலகத்தில் மாலை நேரத்து வேலை பார்க்கிறேன். பின்பக்க அறையில் ஒரு மைக்ரோஃபிலிம் இயந்திரம் உண்டு. சுருளை மாட்டிக் கைப்பிடியைச் சுற்றினால் பழைய செய்தித்தாள்கள் ரயில் ஜன்னலில் ஓடுகிற மரங்களைப் போல ஓடும். கொஞ்சம் வேகமாகச் சுற்றினால் தலையும் சேர்ந்து சுற்றும். அதைத் தேடி வருபவர்கள் பெரும்பாலும் தாத்தாவின் மரண அறிவிப்பைக் கேட்பவர்கள். சில வருடங்களுக்கு முன் ஓய்வுபெற்ற ஆசிரியர் ஒருவர் செவ்வாய்தோறும் வர ஆரம்பித்தார். 1920-களின் உள்ளூர் வாரப் பத்திரிகைதான் வேண்டும், அதிலும் கோடைக்கால இதழ்கள் மட்டும் போதும் என்றார். என்ன தேடுகிறீர்கள் என்றேன். "ஒரு பிட்ச்சரை" என்றார்.

மூன்றாவது வாரம் கிடைத்தது. மாட்டுச் சந்தை விலைக்கும் தேவாலய விருந்து அறிவிப்புக்கும் நடுவில் இரண்டு அங்குலச் செய்தி: ஞாயிற்றுக்கிழமை ஆட்டம், யார் ஜெயித்தார்கள், பிட்ச்சர் எத்தனை பேரை ஸ்ட்ரைக் அவுட் செய்தார், அதாவது தன் வீச்சாலேயே வெளியேற்றினார். கீழே பொடி எழுத்தில் பாக்ஸ் ஸ்கோர் என்ற ஆட்டக் கணக்குப் பட்டியல். அச்சுக்கோத்தவருக்கு இடம் போதாமல் பிட்ச்சரின் பெயரில் பாதி எழுத்தை விழுங்கியிருந்தார். செய்தியில் மற்ற எட்டுப் பேருக்கும் பெயர் மட்டும் இருந்தது. இவருக்குப் பெயருக்கு முன்னால் நிறமும் இருந்தது. ஆசிரியர் அதை நோட்டுப் புத்தகத்தில் எழுதிக்கொண்டு, "இன்னொன்று" என்றார்.

அந்தப் பிட்ச்சர் ஜான் டொனால்ட்சன். 1891-ல் மிசௌரி மாநிலத்தின் கிளாஸ்கோ என்ற ஊரில் பிறந்த இடதுகைக்காரர். ஜே.எல். வில்கின்சன் நடத்திய 'ஆல் நேஷன்ஸ்' என்ற ஊர்சுற்றி அணியில், கறுப்பர், வெள்ளையர், பூர்வகுடியினர், கியூபர் எல்லாரும் ஒன்றாக ஆடிய அந்தக் காலத்துக்கே பொருந்தாத அணியில், 1910-களில் பந்து வீசியவர். பெரிய லீகுகள் கறுப்பரைச் சேர்க்காத காலத்தில், 1920-ல், அவர்களுக்கென்று நீக்ரோ நேஷனல் லீக் தொடங்கியபோது கான்ஸாஸ் சிட்டி அணிக்கு 'மோனார்க்ஸ்' என்ற பெயரைச் சொன்னவரும் அவர்தான். பிறகு எங்கள் மின்னசோட்டாவுக்கு வந்து, சில நூறு பேர் வாழ்ந்த பெர்த்தா போன்ற ஊர்களுக்குக் கூலிக்குப் பந்து வீசினார். ஊரில் தங்கியிருந்தவர்களைவிட அவர் ஆட்டத்தைப் பார்க்க வந்தவர்கள் அதிகம் என்பார்கள். 1949-ல் சிகாகோ வைட் சாக்ஸ் அணி அவரை முழுநேர ஸ்கௌட்டாக, புது ஆட்டக்காரர்களைத் தேடிப்பிடிப்பவராக, எடுத்தது. பெரிய லீகில் அந்த வேலைக்கு வந்த முதல் கறுப்பினத்தவர். 1970-ல் சிகாகோவில் இறந்தார். இல்லினாயின் ஆல்சிப்பில் உள்ள பர் ஓக் கல்லறைத் தோட்டத்தில் அவருக்கு ஒரு கல்கூட இல்லை, 2004 வரை.

அந்தக் கல்லை வைத்தது யார் தெரியுமா? மயக்க மருந்து நிபுணரான ஒரு டாக்டர் தொடங்கிய சின்னக் குழு. ஜிம்மி க்ரட்ச்ஃபீல்ட் என்ற பழைய நீக்ரோ லீக் ஆட்டக்காரரின் கல்லறையைத் தேடிப் போய், அங்கே வெறும் புல் மட்டும் இருப்பதைப் பார்த்துவிட்டுத் தொடங்கிய வேலை. அதே தோட்டத்தில் டொனால்ட்சனும் கேண்டி ஜிம் டெய்லர் என்ற இன்னொரு ஆட்டக்காரரும் பெயரில்லாமல் கிடந்தார்கள். போரில் விழுந்தவனுக்கு நடுகல் நட்டு அதில் பேரைச் செதுக்கிய ஊர்ப்பக்கத்திலிருந்து வந்தவன் நான். பேரில்லாத கல்லறை என்பதை என்னால் சட்டென்று தாண்டிப்போக முடியவில்லை.

டொனால்ட்சனின் கணக்கைத் தேடி எடுத்தவர்கள் பீட்டர் கார்ட்டனும் அவரைச் சுற்றித் திரண்ட தன்னார்வலர்களும். இரண்டு பதிற்றாண்டாக ஊர் ஊராக மைக்ரோஃபிலிம் சுற்றி, 400-க்கும் மேற்பட்ட வெற்றிகளையும் 5,000-க்கும் மேற்பட்ட ஸ்ட்ரைக் அவுட்களையும் பத்திரிகைச் செய்தியோடு நிரூபித்திருக்கிறார்கள். 1925-ல் ஃபெர்கஸ் ஃபால்ஸில் அவர் பந்து வீசியதைக் காட்டும் துண்டுப் படமும் கிடைத்தது. ஒரு நிமிடம்கூட ஓடாது. நான் அதை எத்தனை தடவை பார்த்தேன் என்று சொன்னால் சிரிப்பீர்கள். கையை உயர்த்தி, உடம்பை ஒரு சுற்றுச் சுற்றி, அவசரமே இல்லாமல் வீசுகிறார்.

சரி, விஷயத்துக்கு வருகிறேன்.

2021 டிசம்பரில் உங்கள் பழங்காலக் குழு கூடியது. பதினாறு வாக்காளர்கள், உள்ளே வரப் பன்னிரண்டு வாக்கு வேண்டும். சீட்டில் இருந்த கறுப்பின ஆட்டக்காரர்களில் பக் ஓ'நீலுக்கு 13, பட் ஃபௌலருக்கு 12. இருவரும் வந்தார்கள். விக் ஹாரிஸுக்கு 10. டொனால்ட்சனுக்கு 8. இன்னும் நாலு கிடைத்திருந்தால் போதும், அடுத்த முறை ஆகிவிடும் என்று எங்கள் ஆசிரியர் நோட்டை மூடி வைத்தார். அடுத்த முறை என்பதே வேறு மாதிரி வந்தது. 2022-ல் குழுக்களை மாற்றி அமைத்தீர்கள். 1980-க்கு முந்தைய எல்லாரும் ஒரே சீட்டில். சீட்டில் எட்டுப் பெயர். ஒருவருக்கு நாலு வாக்கு இருந்தது மூன்றானது. 2024 டிசம்பரில் டொனால்ட்சனும் ஹாரிஸும் டிக் ஆலன், டேவ் பார்க்கர், டாமி ஜான், லூயிஸ் டியான்ட், ஸ்டீவ் கார்வி, கென் போயர் ஆகியோரோடு ஒரே வரிசையில் நின்றார்கள். பார்க்கருக்கு 14, ஆலனுக்கு 13. டொனால்ட்சனுக்கும் ஹாரிஸுக்கும் ஐந்துக்கும் கீழே. எண்ணிக்கையைக்கூட நீங்கள் வெளியிடவில்லை.

பார்க்கரும் ஆலனும் தகுதியானவர்கள்தான், அதில் எனக்குச் சண்டை இல்லை. அவர்கள் ஆடியதை வாக்களித்தவர்களில் பலர் டிவியில் பார்த்திருக்கிறார்கள், சிலர் கூடவே ஆடியிருக்கிறார்கள். கையில் மூன்று வாக்கு இருக்கும்போது மனிதன் தான் பார்த்தவனுக்குத்தான் போடுவான். டொனால்ட்சனைப் பார்த்தவர் இன்று யாரும் உயிரோடு இல்லை. மூன்று வருடத்தில் 8 என்பது 5-க்குக் கீழே போனதற்கு, இடையில் அவர் பந்து வீச மறந்துவிட்டார் என்பதா காரணம்? சீட்டின் அமைப்புதான் மாறியது.

இதில் இன்னொரு சிக்கலும் இருக்கிறது. அது கொஞ்சம் நுணுக்கமானது. நல்ல காரியத்திலிருந்து வந்த சிக்கல்.

2020 டிசம்பரில் மேஜர் லீக் (பெரிய லீக்) நிர்வாகம், 1920 முதல் 1948 வரை நடந்த ஏழு நீக்ரோ லீகுகளையும் மேஜர் லீகுகள் என்று ஏற்றுக்கொண்டது. சுமார் 3,400 வீரர்கள். 2024 மே மாதம் அவர்களுடைய எண்கள் அதிகாரப்பூர்வப் பட்டியலில் ஏறின. ஜாஷ் கிப்சன் .372 பேட்டிங் சராசரியோடு டை காபைத் தாண்டி முதலிடத்துக்குப் போனார். 1947 ஜனவரியில், பெரிய லீகின் நிறத் தடையை உடைத்த ஜாக்கி ராபின்சன் புரூக்ளின் மைதானத்தில் இறங்குவதற்கு மூன்று மாதம் முன்பு, 35 வயதில் செத்துப்போன மனிதர். அந்தச் செய்தி வந்த அன்று நூலகத்தில் நான் வேலையில் இருந்தேன், யாரிடம் சொல்வது என்று தெரியாமல் புத்தகத்தைத் திருப்பிக் கொடுக்க வந்த ஒரு பையனிடம் சொன்னேன். அவன் "ஓகே" என்றான்.

ஆனால் பாருங்கள், அந்தக் கணக்கு தொடங்குவது 1920-ல். ரூப் ஃபாஸ்டர் கான்ஸாஸ் சிட்டியின் பசேயோ ஒய்.எம்.சி.ஏ. கட்டடத்தில் முதலாளிகளைக் கூட்டி லீக் அமைத்த வருடம். அதற்கு முன்பே ஆடி முடித்தவர்கள்? லீக் கணக்கில் சேராத ஊர்சுற்றி ஆட்டங்களில் உச்சத்தைச் செலவழித்தவர்கள்? டொனால்ட்சன் நன்றாக வீசிய வருடங்கள் 1920-க்கு முந்தியவை; மோனார்க்ஸில் அவர் பாதி நேரம் பந்து வீசாமல் சென்டர் ஃபீல்டில் நின்றார். டிக் ரெடிங் என்ற பிட்ச்சரின் கதையும் ஏறக்குறைய இதுதான். கிராண்ட் ஜான்சன் அதற்கும் முந்தியவர். நிறத்தின் பேரில் ஒரு கோடு போட்டார்கள். அதை அழிக்கும்போது ஆண்டின் பேரில் இன்னொரு கோடு விழுந்துவிட்டது. இனிமேல் யாராவது டொனால்ட்சன் பெயரைத் தட்டிப் பார்த்தால் அதிகாரப்பூர்வப் பட்டியல் காட்டுவது மிச்சம் மீதி எண்களைத்தான். "அவ்வளவுதானா?" என்று தோன்றும். ஐந்துக்குக் கீழே வாக்கு விழுந்ததில் இதற்கும் பங்கு உண்டு என்பது என் ஊகம்.

எதிர்வாதம் எனக்குத் தெரியும். சின்ன ஊர்களின் பகுதிநேர அணிகளுக்கு எதிராக எடுத்த 5,000 ஸ்ட்ரைக் அவுட்டை எப்படி எடைபோடுவது? நியாயமான கேள்வி. வண்டியோட்டியும் பலசரக்குக் கடைக்காரரும் மட்டையைப் பிடித்திருந்த ஆட்டங்கள் அதில் நிறைய. அதனால்தான் எண் மட்டும் போதாது என்கிறேன். எண் இல்லாத இடத்தில் சாட்சி பேச வேண்டும், சாட்சி இருப்பது புத்தகங்களில்.

உங்கள் மன்றத்தின் கதவு திறந்த ஒவ்வொரு முறையும் அதற்கு முன்னால் யாரோ ஒருவர் ஒரு புத்தகத்தோடு கதவைத் தட்டியிருக்கிறார். 1966-ல் பெரிய லீகின் நட்சத்திரமான டெட் வில்லியம்ஸ், தன் பட்டயம் மாட்டப்பட்ட அன்றே, சாட்செல் பெய்ஜும் ஜாஷ் கிப்சனும் இங்கே இல்லையே, அவர்களுக்கு வாய்ப்புத் தரப்படவில்லையே என்று மேடையில் சொன்னார். சொல்லி நாலு வருடம் ஒன்றும் நடக்கவில்லை. 1970-ல் ராபர்ட் பீட்டர்சன் என்ற பத்திரிகையாளரின் புத்தகம் வந்தது. தலைப்பைத் தமிழில் சொன்னால் 'பந்து மட்டுமே வெள்ளை'. பழைய கறுப்பினப் பத்திரிகைகளைத் தோண்டி, உயிரோடிருந்த ஆட்டக்காரர்களிடம் பேசி, பின்னிணைப்பில் நூற்றுக்கணக்கான பெயர்களைப் பட்டியலிட்டு எழுதியது. மறு வருடமே நீக்ரோ லீக் ஆட்டக்காரர்களுக்கான உங்கள் குழு அமைந்தது, பெய்ஜ் உள்ளே வந்தார். அந்தக் குழு 1977 வரை ஒன்பது பேரைத் தேர்ந்தெடுத்துவிட்டுக் கலைந்தது. ஒன்பது பேர், ஓர் அணிக்குச் சரியாக இருக்கும், மாற்று ஆட்டக்காரருக்கு மட்டும் இடமில்லை.

பீட்டர்சனுக்கு முன்னால் ஒருவர் இருந்தார். சால் வைட். தானே ஆடியவர், மேனேஜராகவும் இருந்தவர். 1907-ல் ஃபிலடெல்ஃபியாவில் கறுப்பின பேஸ்பாலின் வரலாற்றைச் சிறிய புத்தகமாகப் போட்டார். அதன் மூலப் பிரதிகள் இன்று கைவிரல் விட்டு எண்ணும் அளவுக்குத்தான் இருக்கின்றன. மறுபதிப்பைத்தான் நான் படித்தேன். அதில் எனக்குப் பிடித்தது வரலாற்றுப் பகுதி இல்லை. நடுவில் இரண்டு பாடங்கள் வருகின்றன. பந்து வீசுவது எப்படி என்று ரூப் ஃபாஸ்டர் எழுதியிருக்கிறார். மட்டையடிப்பதன் கலையும் அறிவியலும் பற்றி கிராண்ட் ஜான்சன் எழுதியிருக்கிறார். 'ஹோம் ரன்' ஜான்சன் என்று பட்டப்பெயர் வாங்கியவர், 1895-ல் ஃபௌலரோடு சேர்ந்து 'பேஜ் ஃபென்ஸ் ஜயன்ட்ஸ்' அணியை உருவாக்கியவர். அது ஒரு கம்பி வேலிக் கம்பெனியின் விளம்பர அணி. ஊர் ஊராகப் போகத் தனி ரயில் பெட்டி வைத்திருந்தார்கள்; ஓட்டலில் அறை கிடைக்காதவர்களுக்குப் பெட்டிதான் வீடு. ஆடுகளத்துக்குள்ளேயே விடாத காலத்தில் வேலி விற்பதற்காக ஆடியிருக்கிறார்கள் என்பதை நான் இட்டுக்கட்டவில்லை.

அந்த 1907 புத்தகத்தில் எழுதிய மூவரில் ஃபாஸ்டர் 1981-ல் உள்ளே வந்தார். வைட் 2006-ல். ஜான்சன் இன்னும் வெளியே. 2021 சீட்டில் அவர் பெயர் இருந்தது. 2024 சீட்டில் அதுவும் இல்லை.

புத்தகம் சுவரையும் திருத்தும், அதையும் சொல்லிவிடுகிறேன். 2006-ல் உங்கள் சிறப்புக் குழு 17 பேரைத் தேர்ந்தெடுத்தது. ஐந்தாண்டு ஆய்வு, பன்னிரண்டு வரலாற்றாய்வாளர்கள். நீங்கள் செய்ததிலேயே ஆகச் சிறந்த வேலை அது. அதில் வந்தவர் பீட் ஹில். வெண்கலப் பட்டயத்தில் ஜோசஃப் ப்ரெஸ்டன் ஹில் என்று வார்த்தீர்கள். அவர் பெயர் ஜான். ஆய்வாளர்கள் மக்கள்தொகைக் கணக்கேட்டையும் குடும்பத்தாரையும் தேடிப்பிடித்துச் சொன்னார்கள், நீங்களும் 2010-ல் பட்டயத்தை மாற்றி வார்த்தீர்கள். வெண்கலத்தையே உருக்கித் திருத்த மனம் இருந்த உங்களுக்கு வாக்குச்சீட்டின் விதியைத் திருத்துவது பெரிய காரியமில்லை.

அதே 2006-ல் பக் ஓ'நீலுக்குப் போதுமான வாக்கு விழவில்லை. தேர்வான பதினேழு பேரும் இறந்தவர்கள், அவர்கள் சார்பில் பேச ஆள் வேண்டும். தோற்ற மனிதரே, 94 வயதில், ஜூலை வெயிலில் கூப்பர்ஸ்டவுன் மேடையேறி அவர்களுக்காகப் பேசினார், கூட்டத்தைக் கைகோத்துப் பாடவைத்தார். அக்டோபரில் இறந்தார். பதினைந்து வருடம் கழித்து நீங்கள் அவரைத் தேர்ந்தெடுத்தீர்கள். 1995-ல் லியான் டே ஆஸ்பத்திரிப் படுக்கையில் செய்தியைக் கேட்டார், ஆறு நாளில் போய்ச் சேர்ந்தார். பட் ஃபௌலர் உங்கள் கூப்பர்ஸ்டவுனிலேயே வளர்ந்த பையன். 1878-லேயே சம்பளம் வாங்கி ஆடிய கறுப்பினத்தவர். 1913-ல் இறந்தார், கல்லறைக்குக் கல் வந்தது 1987-ல், மன்றத்துக்குள் பட்டயம் வந்தது 2022-ல். சொந்த ஊர்க்காரருக்கே இவ்வளவு நேரம் ஆகிறது.

இப்போது நான் கேட்பது. 1947-க்கு முந்தைய கறுப்பின பேஸ்பாலுக்குத் தனி வாக்குச்சீட்டு வையுங்கள்.

'தனி' என்று சொன்னவுடன் யாராவது முகம் சுளித்தால் புரிந்துகொள்கிறேன். 1971-ல் நீக்ரோ லீக் ஆட்டக்காரர்களைத் தனிப் பகுதியில் வைக்கலாம் என்றுதான் முதலில் முடிவானது. எதிர்ப்புக் கிளம்பிய பிறகு மாற்றினார்கள். தனிப் பந்தி என்றால் என்ன என்று எங்கள் ஊர்க்காரர்களுக்கும் யாரும் விளக்க வேண்டியதில்லை. பட்டயம் அதே மண்டபத்தில், அதே சுவரில், பேப் ரூத்துக்குப் பக்கத்தில்தான். யார் யாரோடு போட்டியிடுகிறார் என்பதை மட்டும் மாற்றச் சொல்கிறேன். 1910-ல் ஆடியவரை 1975-ல் ஆடியவரோடு மூன்றே மூன்று வாக்குக்கு மோதவிட வேண்டாம். இது உங்களுக்குப் புதுசும் இல்லை: 1995 முதல் 2001 வரை நீக்ரோ லீகுகளுக்கென்று தனிச் சீட்டு வைத்து, வருடத்துக்கு ஒருவராக ஏழு பேரை எடுத்தீர்கள். வில்லி வெல்ஸும் புல்லட் ரோகனும் டர்க்கி ஸ்டெர்ன்ஸும் அப்படித்தான் வந்தார்கள். அந்த ஏழில் எதையாவது திரும்பப் பெற வேண்டும் என்று இன்றுவரை யாரும் கேட்டதாகத் தெரியவில்லை.

அந்தச் சீட்டைக் கையில் வாங்குபவர்கள் வாக்களிக்குமுன் நாலு புத்தகமாவது படித்திருக்க வேண்டும் என்று ஒரு விதி எழுதுங்கள். குழுவில் இந்த வரலாற்றை வாழ்நாளெல்லாம் ஆய்ந்தவர்கள் ஓரிருவர் இருக்கிறார்கள், தெரியும். பன்னிரண்டு வாக்கு வேண்டிய அறையில் ஓரிருவர் என்ன செய்வார்கள்? மற்றவர்களும் பீட்டர்சனைப் படிக்கட்டும். ஜான் ஹோல்வே 1960-களின் கடைசியிலிருந்து டேப் ரெக்கார்டரைத் தூக்கிக்கொண்டு கிழவர்களின் வீட்டு வாசலில் உட்கார்ந்து பதிவு செய்ததை, 1975-ல் வந்த அந்தத் தொகுப்பைப் படிக்கட்டும். ஆஸ்கர் சார்ல்ஸ்டனை 1976-லேயே உள்ளே எடுத்தீர்கள்; அவரைப் பற்றி விரிவான வாழ்க்கை வரலாறு வந்தது 2019-ல். உள்ளே எடுத்தவருக்கே 43 வருடம் என்றால் வெளியே நிற்பவர்களுக்கு எவ்வளவு ஆகும் என்று கணக்குப் போட்டுக்கொள்ளுங்கள். மின்னசோட்டாவின் கறுப்பின பேஸ்பால் பற்றி 2005-ல் வந்த ஒரு கட்டுரைத் தொகுப்பும் எங்கள் அலமாரியில் இருக்கிறது. அதன் அட்டை கிழிந்து நானே டேப் ஒட்டியிருக்கிறேன்.

எங்கள் ஆசிரியர் இப்போது வருவதில்லை, முழங்கால் ஒத்துழைக்கவில்லை. நோட்டை என்னிடம் கொடுத்திருக்கிறார். கடைசியாக எழுதியிருப்பது ஒரு ஜூன் மாத ஆட்டம், அதற்குப் பிறகு வெற்றுக் கோடுகள். ஜூலை சுருள் இன்னும் பார்க்காமல் இருக்கிறது. செவ்வாய்க்கிழமை மாலைகளில் இயந்திரம் காலியாகத்தான் இருக்கும். உங்கள் பதினாறு பேரில் யாருக்காவது இந்தப் பக்கம் வேலை இருந்தால் வாருங்கள், சுருளை நானே மாட்டித் தருகிறேன்.

இப்படிக்கு,
ஒரு நூலக ஊழியர்,
மின்னசோட்டா